மாவி தீவில் ஹவாய்ப் பூர்வகுடி வழிகாட்டியோடு பாய்மர ஓடம்: பெரியவங்களைக் கூட்டிட்டுப் போகலாமா?

எழுதியவர்: பே ஏரியா பாண்டி

வணக்கம் மக்களே. டிசம்பர் கடைசி வாரம் மாவி போறோம். நானும் மனைவியும், பையன் (8), பொண்ணு (14), ஊரிலிருந்து வந்திருக்கும் அப்பா (68), அம்மா (63), என் தங்கச்சி. ஆக ஏழு பேர். தெற்கு மாவியில் வைலேயா பக்கம் அறை போட்டாச்சு.

ஐம்பது பேரை ஏத்திக்கிட்டுப் பாட்டுப் போட்டுக்கிட்டுப் போற பெரிய கேட்டமரான் படகு வேண்டாம்னு இருக்கோம். ஹவாய் மண்ணின் மக்களே ஓட்டுற, பக்கத்தில் மிதவை கட்டின பாய்மர ஓடத்தில் காலையில் ரெண்டு மணி நேரம் போகணும்னு ஆசை. அம்மாவுக்கு முட்டி வலி. அப்பாவுக்கு நீச்சல் தெரியாது. டிசம்பரில் காற்று எப்படி இருக்கும்? எந்த நேரத்துக்குப் பதிவு பண்ணணும்? உண்மையிலேயே பூர்வகுடி ஆள்தான் ஓட்டுறாரா, இல்ல சும்மா பூப்போட்ட சட்டை மாட்டிக்கிட்டு வர்றாரான்னு எப்படிக் கண்டுபிடிக்கறது? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

எழுதியவர்: முத்துநகர்க் கொண்டல்

பாண்டி, முதல்ல தலைக்கணக்கைச் சரி பண்ணுங்க. இந்த மாதிரிச் சின்ன ஓடங்களை ஓட்டுறவங்க கையில் இருக்கிற அமெரிக்கக் கடலோரக் காவல்படை உரிமம் பெரும்பாலும், காசு கொடுத்து வர்ற பயணிகள் 6 பேர் வரைக்கும்தான் அனுமதிக்கும். எட்டு வயசுப் பையனும் ஒரு ஆள். மடியில் வெச்சுக்கறேன்னு சொன்னா நடக்காது. ஏழு பேர்னா ஒருத்தர் கரையில் நிக்கணும், இல்லேன்னா அடுத்தடுத்த நாள் ரெண்டாப் பிரிஞ்சு போகணும். ஒரே காலையில் ரெண்டு நேரம் எடுத்தா ரெண்டாவது குழுவுக்குக் காற்று ஏறிடும். அதுக்குக் காரணம் கீழே சொல்றேன்.

ஓடத்தைப் பத்தி. ஹவாய் மொழியில் ஓடத்துக்கு வஅ. உடல் 40 அடிக்கு மேலே நீளம், அகலமோ ஒரு ஆள் இடுப்பு நுழையற அளவு. அவ்வளவு ஒடுக்கமான உடல் தனியா நிக்காது, கவிழ்ந்துடும். அதனால் இடப்பக்கம் ஒரு நீள மிதவை. அதுக்கு ஆமா-ன்னு பேர். உடலையும் மிதவையையும் சேர்க்கிற வளைஞ்ச ரெண்டு குறுக்குக் கம்புகள் இயாகோ. இந்த மூணையும் போல்ட் போட்டு முறுக்கறதில்லை, கயிறு சுத்திக் கட்டறாங்க. அலை அடிக்கும்போது கட்டு கொஞ்சம் இளகிக் கொடுக்கும். இறுக்கமா ஆணி அடிச்ச மூட்டா இருந்தா மொத்த அதிர்ச்சியும் ஒரே இடத்தில் விழுந்து அங்கேயே பிளந்துடும். பாய்மர ஓடத்தில் இயாகோ ரெண்டுக்கும் நடுவில் வலை இழுத்துக் கட்டியிருப்பாங்க. பாதிப் பயணம் அந்த வலை மேலதான் உட்காருவீங்க.

இப்போ காற்று. அங்கே வழக்கமா வீசறது வடகிழக்குக் காற்று; நம்ம ஊர்க் கணக்கில் வாடையும் கொண்டலும் கலந்தது. மாவியில் கிழக்கே 3,055 மீட்டர் ஹலேயாகலா மலை, மேற்கே இன்னொரு மலைக்கூட்டம், நடுவில் தாழ்ந்த கழுத்து மாதிரி நிலம். காற்று அந்தச் சந்துக்குள்ள நெருக்கிப் புகுந்து மாஅலாயா விரிகுடாவில் வேகமா வெளியே வரும். வைலேயா ஹலேயாகலாவின் மறைவில் இருக்கறதால காலையில் தண்ணி தட்டு மாதிரி கிடக்கும். வெயில் ஏறி நிலம் சூடானதும், பத்து பதினொரு மணிவாக்கில் மாஅலாயாப் பக்கத்துக் காற்று தெற்கே பரவி வந்து கடலைக் கலக்கிடும். அதனாலதான் எல்லாரும் ஏழு, எட்டு மணிக்கே கிளம்பறாங்க. முதல் நேரத்தையே எடுங்க. அதில் ஒரு நஷ்டமும் இருக்கு: சில நாள் அந்த நேரத்தில் பாய் விரிக்கிற அளவுக்குக் காற்றே இருக்காது, போற வழி முழுக்கத் துடுப்புத்தான். வீட்டில் எல்லாருக்கும் இதை முன்னாடியே சொல்லி வெச்சுடுங்க.

டிசம்பரில் இன்னொரு தொல்லை. கோடையில் இருக்கிற அளவுக்குக் குளிர்காலத்தில் வடகிழக்குக் காற்று நிலையா நிக்காது. இடையிடையே தென்மேற்கிலிருந்து கோனாக் காற்று வரும். அது வந்தா வைலேயாவுக்கு மலையோட மறைவே கிடையாது, அலை நேரா கரையில் வந்து அடிக்கும், பயணம் ரத்து. எனவே விடுமுறையோட கடைசி நாளில் பதிவு பண்ணாதீங்க. முதல் ரெண்டு நாளுக்குள்ள வெச்சா, ரத்தானாலும் தள்ளிப்போட இடம் இருக்கும். முந்தின நாள் சாயந்திரம் ஹோனலுலு வானிலை மையத்தோட சிறு படகு எச்சரிக்கையைப் பாருங்க. காற்று 25 நாட் (மணிக்கு 25 கடல் மைல்), இல்லேன்னா கடல் 10 அடி தொட்டா அந்த எச்சரிக்கை வரும். மாஅலாயா விரிகுடாவுக்குத் தனியா அறிவிப்பு போடுவாங்க. அங்கே எச்சரிக்கை இருந்தும் வைலேயா காலையில் அமைதியா இருக்கறது சகஜம். கடைசி வார்த்தை ஓட்டுறவருடையது. அவர் வேண்டாம்னா பேரம் பேசாதீங்க.

பாயோட சூட்சுமம் ஒண்ணு சொல்லிடறேன், வலை மேல் ஏன் அங்கேயும் இங்கேயும் நகரச் சொல்றாங்கன்னு அப்போதான் விளங்கும். மிதவை ஒரு பக்கம்தான் இருக்கு. காற்று இடப்பக்கம், அதாவது மிதவைப் பக்கமிருந்து வந்தா, பாய் ஓடத்தை வலப்பக்கம் சாய்க்கும், மிதவை தண்ணியை விட்டு எழும்பும். அதை அமுக்கி வைக்கிற எடை நீங்கதான். எல்லாரும் வலைக்கு நகரணும். காற்று வலப்பக்கமிருந்து வந்தா மிதவை தண்ணிக்குள்ள அமுங்கும். ரொம்ப அமுங்கினா மூக்கு புதைஞ்சு ஓடம் இடப்பக்கம் இழுக்கும். அப்போ வலை மேல் இருக்கிறவங்க உடலுக்குத் திரும்பி வரணும். நகரச் சொன்னதும் நகருங்க, போட்டோ எடுத்துட்டு வர்றேன்னு நிக்க வேண்டாம். திடீர்க் காற்று வந்தா ஓட்டுறவர் பாயை இழுத்துப் பிடிக்கிற தாமான் கயிற்றைத் தளர்த்திப் பாயைப் படபடன்னு அடிக்க விடுவார். அது ஏதோ அறுந்துபோன சத்தம் இல்லை.

நீர்கொழும்பில் இன்னும் ஓடுற 'ஓரு'ங்கற மிதவை ஓடங்களைப் பார்த்தவங்களுக்கு ஒரு குறிப்பு: அதில் மிதவை எப்பவும் காற்று வர்ற பக்கமே இருக்கும். திசை மாத்தணும்னா அணியத்தை (முன்முனை) அமரமாக்கி (பின்முனை), அமரத்தை அணியமாக்கி எதிர்ப்பக்கம் கிளம்புவாங்க. இப்போ ஹவாயில் ஓடுற பாய் ஓடங்கள் அப்படி இல்லை. அணியம் அணியம்தான், மூக்கைத்தான் திருப்பணும். காற்று எந்தப் பக்கமும் வரலாம்ங்கறதால ஆட்கள்தான் இடம் மாறணும்.

எழுதியவர்: ஹூஸ்டன் மாமி

கொண்டல் தம்பி காற்றைப் பத்தி முழுசாச் சொல்லிட்டார். நான் அம்மா விஷயத்துக்கு வர்றேன்.

ஓடத்தில் ஏறும் இடம் மணல் கடற்கரை. படகுத் துறையோ மேடையோ கிடையாது. முழங்கால் இல்லேன்னா தொடை ஆழத் தண்ணீரில் நின்னு, இடப்பக்கத்துலேர்ந்து, இயாகோவைப் பிடிச்சுண்டு, ஒரு காலைத் தூக்கி உள்ளே வெக்கணும். அந்தக் கால் தூக்கறதுதான் முட்டி வலிக்காராளுக்கு முதல் சோதனை. வீட்டில் குளியல் தொட்டி விளிம்பைச் சுவரைப் பிடிச்சுண்டு தாண்ட முடியறதான்னு பாருங்கோ. தடுமாறினா ஓடம் வேண்டாம். ரெண்டாவது சோதனை இருக்கை. குறுகின பலகை, சாஞ்சுக்க முடியாது, காலை நீட்டியோ மடக்கியோ வெச்சுக்க ஓடத்தோட அடி மட்டும்தான் இடம். முழங்கால் இடுப்பை விடப் பெரிசாத் தாழ்ந்திருக்காது. வலை மேல் காலை நீட்டி உக்காரலாம், ஆனா அங்கேர்ந்து எழுந்து நகர முட்டி போட்டுத் தவழணும்.

பதிவு பண்றச்சே "63 வயசு, முட்டி வலி, துடுப்புப் போட மாட்டா"ன்னு அப்படியே சொல்லிடுங்கோ. மறைச்சு அழைச்சுண்டு போனா கடற்கரையில் நின்னு திரும்பற மாதிரி ஆயிடும். அன்னிக்கு அலை பெரிசா இருந்தா அம்மா ஏறவே வேண்டாம். ஏழு பேர் ஆறாகணும்ங்கற பிரச்சினையும் தீர்ந்துடும். வைலேயாவில் கடலோரமா நடைபாதை இருக்கு, அங்கே உக்காந்தே ஓடம் போறதைப் பாக்கலாம். தனியா விட வேண்டாம், தங்கச்சி கூட இருக்கட்டும்.

உடுப்பு: முழுக்கை நீச்சல் சட்டை, சீக்கிரம் காயற அரைக்கால் சட்டை இல்லேன்னா லெகிங்ஸ். ஜீன்ஸ் கூடாது, நனைஞ்சா கனக்கும், தொடை உரசிப் புண்ணாகும். துப்பட்டா, வேஷ்டி எதுவும் கயிற்றில் சிக்கும். தாலிச் சங்கிலி சட்டைக்குள்ள போகட்டும். வளையல், மோதிரம் அறையில். மூக்குக் கண்ணாடிக்குப் பின்கழுத்துப் பட்டி கட்டாயம். செருப்பு ஓடத்துக்குள்ள வராது, கரையிலேயே. ஏறும்முன்னாடி பாதத்தைத் தண்ணியில் அலசி மணலை உதறுங்கோ. உள்ளே போற மணல் உக்கார்ற இடத்திலேயே வந்து அரிக்கும்.

கடல் தண்ணி டிசம்பரில் 24, 25 டிகிரி. குளிராது, ஆனா நனைஞ்ச சட்டையோட காற்றில் உக்காந்தா பெரியவாளுக்கு நடுக்கம் வரும். மெல்லிசா ஒரு காற்றுத் தடுப்பு மேல்சட்டை எடுத்துக்கோங்கோ. குமட்டல் வர்றவா மாத்திரையைக் கிளம்பறதுக்கு ஒரு மணி முன்னாடி போடணும், ஓடத்தில் ஏறினப்புறம் போட்டுப் புண்ணியமில்லை. அப்பாவுக்குச் சர்க்கரை, ரத்த அழுத்தம் ஏதாவது இருந்தா எந்த மாத்திரைன்னு டாக்டரைக் கேளுங்கோ.

ஒரு விஷயம். வழிச் சாப்பாடுன்னு வாழைப்பழத்தைப் பையில் போட்டுண்டு போயிடாதீங்கோ! படகில் வாழைப்பழம் வந்தா ஆகாதுன்னு அங்கத்திய கடல்காராளுக்குப் பலமான நம்பிக்கை. நாம எந்த நல்ல காரியத்துக்கும் வாழைப்பழம் இல்லாம கிளம்ப மாட்டோம், அங்கே தலைகீழ்.

எழுதியவர்: பே ஏரியா பாண்டி

ரெண்டு பேருக்கும் ரொம்ப நன்றி. அம்மாவும் தங்கச்சியும் கரையில்னு முடிவு பண்ணிட்டோம். அம்மாவே "எனக்கு வேண்டாம்டா"ன்னுட்டாங்க. அப்போ அஞ்சு பேர். அப்பா வர்றேன்னு ஒத்தக்கால்ல நிக்கறார். நீச்சல் தெரியாதவர் வரலாமா? கவிழ்ந்தா என்ன நடக்கும்? துடுப்புப் போடறது கட்டாயமா?

எழுதியவர்: ஆறாம் இருக்கை

கட்டாயம்னு எழுதி வெச்சிருக்க மாட்டாங்க. ஆனா காற்று இல்லாத காலையில் அஞ்சு பேரில் மூணு பேராவது போடலேன்னா ஓடம் நகராது. உங்க பொண்ணு நல்லாவே போடுவா. பையனைக் கணக்கில் எடுக்க வேண்டாம்.

துடுப்புப் பிடிக்கறதுல புதுசா வர்றவங்க செய்யற முதல் தப்பு, அலகைத் திருப்பிப் பிடிக்கறது. இந்தத் துடுப்புகளில் காம்பும் அலகும் சேருற இடத்தில் லேசா ஒரு வளைவு இருக்கும். அலகு முன்பக்கமா, உங்களை விட்டு விலகிச் சாய்ஞ்சிருக்கற மாதிரி பிடிக்கணும். கரண்டியால அள்ளற மாதிரி உங்களைப் பார்த்துச் சாய்ஞ்சிருந்தா அது தப்பு. தண்ணியை மேல தூக்கும், ஓடம் குதிக்கும், முன்னே போகாது. மேல் கை குறுக்குப் பிடியை மூடிப் பிடிக்கணும், கீழ்க் கை அலகுக்குக் கொஞ்சம் மேலே. இடுப்பைத் திருப்பி முன்னால் எட்டி, அலகு முழுக்க மறையற வரைக்கும் இறக்கி, இழுத்து, இடுப்புக்கு நேரா வந்ததும் எடுத்துடுங்க. இடுப்பைத் தாண்டி இழுத்தா பின்பக்கத்தைக் கீழே அமுக்கறீங்க, வேகம் குறையும். கையை மட்டும் வெச்சு இழுத்தா பத்து நிமிஷத்தில் தோள் போயிடும். விரல் முட்டி ஓடத்தின் விளிம்பில் உரசித் தோல் வழண்டா, துடுப்பு செங்குத்தா நிக்காம சாய்ஞ்சிருக்குன்னு அர்த்தம்.

பலத்தை விட ஒத்திசைவு முக்கியம். முதல் இருக்கையில் இருக்கறவர் வேகத்தை வெப்பார். ஒருத்தர் இடம், அடுத்தவர் வலம்னு மாறி மாறிப் போடுவாங்க. 12 முதல் 16 இழுப்புக்கு ஒருதரம் ஒருத்தர் "ஹட்" கத்துவார், எல்லாரும் "ஹோ"ன்னு பதில் சொல்லிப் பக்கம் மாத்தணும். கத்தினவுடனே பாதி இழுப்பில் மாத்தக் கூடாது. எத்தனையாவது இழுப்பில் மாத்தணும்னு கரையிலேயே காட்டிடுவாங்க. கட்டளை மூணு தெரிஞ்சா போதும்: ஹோஓமாகாவ்காவ் என்றால் தயாராகு, இமுவா என்றால் முன்னே போ, லாவா என்றால் நிறுத்து. அப்பாவுக்கு லாவா மட்டும் கட்டாயம் சொல்லிக் கொடுங்க.

கவிழறதைப் பத்தி. அதுக்கு ஹூலின்னு பேர். மிதவை இடப்பக்கம் இருக்கறதால ஓடம் இடப்பக்கம் விழறது அபூர்வம். வலப்பக்கம்தான் புரளும், மிதவை தலைக்கு மேல வட்டமடிச்சு வரும். பெரும்பாலும் காரணம் பயணிகள்தான்: எல்லாரும் ஒரே நேரத்தில் ஆமை பார்க்க வலப்பக்கம் எட்டிப் பார்க்கறது, இல்லேன்னா பயந்து வலது விளிம்பைப் பிடிச்சுத் தொங்கறது. ஆட்டம் கண்டா உடம்பை இடப்பக்கம் சாய்ச்சு, இடது இயாகோவிலோ வலையிலோ கையை அழுத்துங்க. இந்த ஒண்ணு மனசில் பதிஞ்சா பாதி ஆபத்து போச்சு.

புரண்டா, ஓடம் மூழ்காது, குப்புற மிதக்கும். தலைவர் முதல்ல தலையை எண்ணுவார். உங்க பேரைக் கூப்பிட்டா சத்தமாப் பதில் சொல்லுங்க. ஓடத்தை விட்டு நீந்திக் கரைக்குப் போறேன்னு யாரும் கிளம்பக் கூடாது. காற்று கரையிலிருந்து கடல் பக்கம் தள்ளுற கடல் அது, நல்ல நீச்சல்காரருக்கும் கரை எட்டாது. துடுப்புகளைப் பொறுக்கி ஒருத்தர் கையில் சேர்ப்பாங்க, பாயை அவிழ்ப்பாங்க. மிதவையை ஒருத்தர் மேல தள்ள, மத்தவங்க குப்புறக் கிடக்கற ஓடத்தோட உடல் மேல ஏறி இயாகோவைப் பிடிச்சுப் பின்னால சாய்ஞ்சா ஓடம் திரும்பும். அப்புறம் தண்ணி இறைக்கற வேலை. திரும்பற மிதவை அடிக்கிற வட்டத்துக்குள்ள பயணிகள் தலை இருக்கக் கூடாது. அதனால் நில்லுன்னு சொன்ன இடத்தில் மிதந்துக்கிட்டே இருக்கணும்.

அப்பா வரலாம், ஆனா மிதவைச் சட்டையைக் கரையில் மாட்டினா கரையிலதான் கழட்டணும். 13 வயசுக்குக் கீழே சட்டப்படியே கட்டாயம், அதனால் பையனுக்குப் பேச்சே இல்லை. பெரியவங்களுக்குச் சட்டை ஓடத்தில் இருந்தா போதும்னு சொல்லுவாங்க; நீச்சல் தெரியாதவருக்கு அது போதாது. தண்ணியில் முகம் நனைஞ்சாலே பதறுற ஆளா இருந்தா, கிளம்பறதுக்கு முந்தின நாள் விடுதி நீச்சல் குளத்தில் மிதவைச் சட்டையோட கால் எட்டாத இடத்தில் அஞ்சு நிமிஷம் மிதக்க வையுங்க. பதற்றம் இருந்தா அங்கேயே தெரிஞ்சுடும்.

உண்மையில் அதிகம் அடிபடறது நடுக்கடலில் இல்லை, கரையில். ஓடத்தைத் தள்ளும்போதும் திரும்பி இறங்கும்போதும் ஓடத்துக்கும் கரைக்கும் நடுவில் நிக்காதீங்க. அலை வந்தா 200 கிலோவுக்கு மேல் எடையுள்ள மொத்த ஓடத்தையும் உங்க முழங்கால் மேல தூக்கிப் போடும். ஆமாவுக்கும் உடலுக்கும் நடுவிலும் நிக்கக் கூடாது. இறங்கச் சொன்னதும் கடலைப் பார்த்துக்கிட்டே இறங்கி, உடனே பக்கவாட்டில் விலகுங்க. முதுகைக் கடலுக்குக் காட்டிக்கிட்டுச் செல்ஃபி எடுக்கறவங்களைத்தான் கரையோர அலை குப்புறத் தள்ளும்.

எழுதியவர்: நெய்தல்வாசி

வழிகாட்டி யார் என்ற கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லையே.

ஹவாயில் குடியிருப்பவர் எல்லாரையும் ஹவாயர் என்று சொல்லமாட்டார்கள். அந்தச் சொல் வம்சாவளியைக் குறிப்பது. தங்களை அவர்கள் கானகா மாவோலி என்பார்கள். அங்கே பிறந்து வளர்ந்த ஜப்பானிய, பிலிப்பினோ வம்சத்தவர்கூட ஹவாயர் என்று தங்களைச் சொல்லிக்கொள்வதில்லை. எனவே விளம்பரத்தில் "ஹவாய்ப் பாரம்பரியம்" என்று இருப்பதை வைத்து எதையும் முடிவு செய்யாதீர்கள். நேராகக் கேட்கலாம், அதில் தவறில்லை: ஓடம் யாருடையது? அதன் பெயர் என்ன? அன்றைக்குச் சுக்கான் துடுப்பு பிடிப்பவர் யார், எந்தக் குடும்பம், எந்த ஊர்? குடும்ப ஓடமாக இருந்தால் பெயருக்கும், யார் செய்தார்கள் என்பதற்கும் உடனே பதில் வரும். மழுப்பினால் அது வேறு கடை. முகத்தையும் நிறத்தையும் வைத்து மட்டும் முடிவு கட்டாதீர்கள். பல தலைமுறைக் கலப்பு உள்ள மக்கள் அவர்கள்.

கிளம்புவதற்கு முன் கரையில் ஓலி என்ற வேண்டல் பாடுவார்கள். கடலிடமும் ஓடத்திடமும் அனுமதி கேட்பது. தொப்பியையும் கறுப்புக் கண்ணாடியையும் கழற்றிவிட்டுப் பேசாமல் நில்லுங்கள். படம் எடுக்கலாமா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். கரையில் கிடக்கும் ஓடத்தைத் தாண்டக் கூடாது, அதன்மேல் உட்காரவும் கூடாது. நம் வீட்டில் படிக்கும் புத்தகத்தைக் காலால் தாண்டினால் என்ன சொல்வார்களோ அதே கணக்கு. பையனுக்கு இதைச் சொன்னாலே புரிந்துவிடும். கரையிலிருந்து கல், மணல், பவளத்துண்டு எதையும் பையில் போட வேண்டாம். பூமாலையைக் கடலில் விட ஆசைப்பட்டால் நூலை உருவிவிட்டுப் பூவை மட்டும் விடுங்கள், நூலை ஆமை விழுங்கிவிடும்.

பயணத்தில் எதிரே ஒரு செம்மண் தீவு தெரியும். கஹோஓலாவே. அதைப் பற்றி அவர் பேச ஆரம்பித்தால் காது கொடுங்கள். 1941-இல் அமெரிக்க ராணுவம் எடுத்துக்கொண்டு குண்டு போட்டுப் பழகும் இடமாக்கியது. 1965-இல் 500 டன் டிஎன்டி வெடிமருந்தை வெடித்துச் சோதித்தார்கள். 1976-இல் ஹவாயர் சிலர் தடையை மீறிப் போய் இறங்கினார்கள். 1977-இல் ஜார்ஜ் ஹெல்ம், கிமோ மிட்செல் என்ற இரண்டு இளைஞர்கள் அந்தத் தீவுக்கும் மாவிக்கும் இடைப்பட்ட கடலில் காணாமல் போனார்கள். 1990-இல்தான் குண்டுவீச்சு நின்றது. 1994-இல் தீவு ஹவாய் மாநிலத்திடம் திரும்பி வந்தது. வெடிக்காத குண்டுகள் இன்னும் கிடப்பதால் சுற்றிலும் 2 கடல் மைல் வரை அனுமதியின்றி நுழைய முடியாது. "கொஞ்சம் கிட்டே போங்களேன்" என்று ஓட்டுபவரை நச்சரிக்க வேண்டாம். அந்தத் தீவை ஒட்டிய கால்வாய்க்குக் கேயாலைகஹிகி என்று பெயர், தாகித்திக்குப் போகும் பாதை என்பது பொருள்.

அந்தப் பாதையில் திரும்பவும் ஓடியது ஹோகூலேயா. 1975-இல் வெள்ளோட்டம் விட்ட 62 அடி இரட்டை உடல் ஓடம். 1976 மே 1 அன்று இதே மாவியின் ஹோனோலுவா விரிகுடாவிலிருந்து புறப்பட்டு ஜூன் 4-இல் தாகித்தியின் பப்பியேட்டே துறையை அடைந்தது. திசைகாட்டியோ வரைபடமோ இல்லை. வழி நடத்திய மாவ் பியாய்லுக் ஹவாயரே இல்லை, மைக்ரோனேசியாவில் சதவால் என்னும் சிறு தீவுக்காரர். ஹவாயில் அந்தக் கலை அறுந்துபோயிருந்ததால் வெளியிலிருந்து ஆசானைத் தேட வேண்டியிருந்தது. உங்கள் வழிகாட்டியிடம் கேட்கத் தகுந்த கேள்வி இந்தத் திசையில்தான் இருக்கிறது: திசை அறிய, அடிவானத்தில் விண்மீன் எழும், மறையும் இடங்களை 32 வீடுகளாகப் பிரித்த வட்டத்தை மணலில் கீறிக் காட்டச் சொல்லுங்கள். மகளுக்குப் பிடிக்கும். துருவ விண்மீன் அங்கே சுமார் 21 டிகிரி உயரத்தில் நிற்கும், கன்னியாகுமரியில் 8 டிகிரிதான். ராத்திரி விடுதி வாசலிலிருந்தே பார்க்கலாம்.

மேற்கு மாவியின் லஹைனா ஊர் பற்றி ஒரு வார்த்தை. 2023 ஆகஸ்ட் 8 தீயில் அந்த ஊர் எரிந்தது. ஓட்டுபவருக்கோ அவர் உறவுக்கோ வீடு போயிருக்கலாம். அவராக எடுத்தால் ஒழிய அந்தப் பேச்சை நீங்கள் எடுக்காதீர்கள்.

எழுதியவர்: ஜிங்க் சுந்தரி

சன் ஸ்கிரீன் பத்தி யாரும் வாய் திறக்கலை. ஆக்ஸிபென்சோன், ஆக்டினாக்ஸேட் கலந்ததை விக்கறதுக்கு ஹவாய் முழுக்க 2021 ஜனவரி 1-லேர்ந்து தடை. மாவியில் அதுக்கும் மேலே: 2022 அக்டோபர் 1-லேர்ந்து தாது வகை அல்லாத எதையும் விக்கவும் கூடாது, பூசிக்கவும் கூடாது. பவளத்துக்கு ஆகாதுன்னு. மருந்துச் சீட்டு இருந்தா மட்டும் விலக்கு. ட்யூபைத் திருப்பிப் பாருங்க: ஜிங்க் ஆக்ஸைடு, டைட்டானியம் டை ஆக்ஸைடு இந்த ரெண்டு மட்டும்தான் இருக்கணும். ஊரிலேர்ந்து அப்பா கொண்டு வந்ததில் அவோபென்சோன் இருந்தா அறையிலேயே விட்டுடுங்க.

நம்ம நிறத்தில் ஜிங்க் சாம்பல் பூசின மாதிரி தெரியும், பரவாயில்லை. கிளம்பறதுக்கு 15, 20 நிமிஷம் முன்னாடி பூசி, உள்ளங்கையைச் சோப்புப் போட்டுக் கழுவிடுங்க. கையில் வழவழப்பு இருந்தா துடுப்பு நழுவும். முழுக்கைச் சட்டை போட்டா முகம், கழுத்து, பாதத்து மேல்பக்கம் மட்டும் பூசினா போதும். பாதத்தை எல்லாரும் மறந்துடறாங்க, ராத்திரி செருப்புப் போட முடியாது.

எழுதியவர்: பே ஏரியா பாண்டி

இவ்வளவு விவரம் எதிர்பார்க்கலை, எல்லாருக்கும் நன்றி! கடைசியா ரெண்டு: நடுவில் ஆமை பார்க்கக் கடலில் இறங்கலாம்னு போட்டிருக்காங்க. இறங்கினவங்க திரும்ப எப்படி ஏறறது? டிசம்பரில் திமிங்கிலம் தெரியுமா?

எழுதியவர்: ஆறாம் இருக்கை

ஏறறதுதான் கஷ்டம், அதை யாரும் முன்கூட்டிச் சொல்றதில்லை. பெரிய படகு மாதிரி ஏணியை எதிர்பார்க்காதீங்க. மிதவைப் பக்கம் வந்து வலை ஓரத்தையோ இயாகோவையோ ரெண்டு கையாலும் பிடிங்க. காலைத் தொங்கவிட்டா உடம்பு ஓடத்துக்கு அடியில் போயிடும், எத்தனை பேர் இழுத்தாலும் வராது. காலைப் பின்னால நீட்டித் தண்ணி மட்டத்துக்குக் கொண்டு வந்து படபடன்னு உதைங்க. உடம்பு படுக்கைவாட்டில் வந்ததும் ஒரே இழுப்பில் வயிற்றை வலை மேல போட்டு உருளுங்க. வலப்பக்கமிருந்து ஏற முயற்சி பண்ணினா ஓடமே உங்க மேல சாயும். அப்பா இறங்க வேண்டாம், மேலேயிருந்தே ஆமை நல்லாத் தெரியும். ஆமைக்கு 10 அடி இடைவெளி விடுங்க. அது மூச்சு வாங்க மேலே வர்ற பாதையில் குறுக்கே மிதக்காதீங்க.

கூனல் திமிங்கிலம் டிசம்பர் நடுவிலிருந்து ஏப்ரல் நடு வரைக்கும் பருவம். கடைசி வாரத்தில் கண்டிப்பா சில தெரியும், உச்சம் பிப்ரவரிவாக்கில். 100 கஜத்துக்குள்ள நெருங்கறது சட்டப்படி குற்றம், அது போற வழியை மறிச்சு முன்னால போய்க் காத்திருக்கறதும் அதே குற்றம். தானா கிட்டே வந்தா ஓடத்தை நிறுத்திட்டு, அது விலகற வரைக்கும் அசையாம இருப்பாங்க. அப்போ துடுப்பு அலகைத் தண்ணிக்குள்ள செங்குத்தா இறக்கி, மேல் பிடியில் காதை அழுத்தி வையுங்க. பக்கத்தில் ஆண் திமிங்கிலம் பாடிக்கிட்டிருந்தா, முனகல் மாதிரி மரத்து வழியா ஏறி வரும். பையன்கிட்ட துடுப்பைக் கொடுக்கறதா இருந்தா ஒரு கையால நீங்களும் பிடிச்சுக்கங்க; நழுவினா எடுக்கத் திரும்பி வர்றது லேசான வேலை இல்லை.